ஹில்டன் சகோதரிகள்: என்னிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எங்கள் வாசகர் வட்டத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஒட்டிப் பிறந்து மேடைக் கலைஞர்களாக வாழ்ந்த டெய்சி, வயலட் ஹில்டன் சகோதரிகளைப் பற்றி அரைமணி நேரம் பேசினேன். அன்றிலிருந்து என்னைப் பார்ப்பவர்கள் எல்லாரும் ஏறக்குறைய ஒரே சந்தேகங்களைக் கேட்கிறார்கள். கல்யாணப் பந்தியில் பக்கத்து இலைக்காரர்கூடக் கேட்டார். கேட்டவர்களின் சொற்களிலேயே கேள்விகளை வைத்து, இங்கே பதில் எழுதியிருக்கிறேன். ஹில்டன் சகோதரிகளுக்கு முன்னால் மேடையேறிய சாங்–எங், மில்லி–கிறிஸ்டீன் ஆகியோரும் தேவைப்படும் இடங்களில் வருவார்கள்.

யார் இவர்கள்? எனக்கு ஒன்றுமே தெரியாது, முதலிலிருந்து சொல்லுங்கள்.

டெய்சியும் வயலட்டும் 1908 பிப்ரவரி 5 அன்று இங்கிலாந்தின் கடற்கரை நகரமான பிரைட்டனில் பிறந்தார்கள். இடுப்பின் பின்புறத்தில் ஒட்டியிருந்தார்கள். மூன்று வயதில் மேடைக்குக் கொண்டுவரப்பட்டு, ஜெர்மனி, ஆஸ்திரேலியா என்று சுற்றி, முதல் உலகப்போர் நடந்துகொண்டிருந்தபோது அமெரிக்கா போய்ச் சேர்ந்தார்கள். 1920களில் அந்த நாட்டு மேடைகளில் அவர்களைத் தெரியாதவர்கள் குறைவு. 1969 ஜனவரியில், அறுபது வயதில், வட கரோலினா மாநிலத்தின் சார்லட் நகரில் ஒரு சின்ன வீட்டில் இறந்து கிடந்தார்கள். அப்போது அவர்கள் ஒரு மளிகைக் கடையில் வேலை பார்த்துவந்தார்கள்.

இப்படி ஒட்டிப் பிறப்பது எதனால்? இரட்டை வாழைப்பழம் தின்றால் என்று என் மாமியார் சொல்வார்.

வாழைப்பழத்துக்கும் இதற்கும் தொடர்பில்லை. கிரகணத்துக்கும் இல்லை. தாய் செய்த எதனாலும் இது நேர்வதில்லை. இதை அழுத்திச் சொல்லக் காரணம், இப்படிப் பிள்ளை பெற்ற தாய்மார்கள் காலங்காலமாகப் பழி சுமந்திருக்கிறார்கள்.

ஒரே கருமுட்டை இரண்டாகப் பிரிந்தால் ஒரே சாயல் உள்ள இரட்டையர் பிறப்பார்கள். அந்தப் பிரிவு வழக்கத்தைவிடத் தாமதமாக, கரு உண்டாகி ஏறத்தாழ 13 நாட்களுக்குப் பிறகு தொடங்கினால், அது முழுமையடையாமல் நின்றுவிடலாம். அப்போது இரு குழந்தைகளும் ஏதோ ஓரிடத்தில் இணைந்தே வளர்கிறார்கள். பிரிந்த கருக்கள் மீண்டும் ஒட்டிக்கொள்வதாகவும் ஒரு கருத்து மருத்துவர்களிடம் உண்டு. 50,000 முதல் 1,00,000 பிறப்புகளில் ஒன்று இப்படி அமைவதாகப் பொதுவாகக் கணக்கிடுகிறார்கள். பலர் பிறக்கும்போதே இறந்துவிடுகிறார்கள். பிழைப்பவர்களில் பெண் குழந்தைகளே மிக அதிகம்.

எந்த இடத்தில் ஒட்டியிருந்தார்கள்? உள்ளே எதெல்லாம் பொது?

ஹில்டன் சகோதரிகளுக்கு இடுப்பும் பிட்டமும் ஒட்டியிருந்தன. இரத்த ஓட்டம் இருவருக்கும் இடையே கலந்தது. முக்கியமான உறுப்பு எதுவும் பொதுவாக இல்லை. இதயம், நுரையீரல், கல்லீரல் எல்லாம் தனித்தனி. முதுகோடு முதுகாக ஒட்டிக்கொண்டு வளர்ந்தவர்கள், பழக்கத்தில் சற்றே திரும்பி ஏறத்தாழப் பக்கவாட்டில் நிற்கக் கற்றுக்கொண்டார்கள். படங்களில் அவர்கள் தோளோடு தோள் சேர்ந்து நிற்பதுபோல் தெரிவது அதனால்தான்.

எல்லாருக்கும் இதே அமைப்பு இருப்பதில்லை. 1811இல் சயாமில், இன்றைய தாய்லாந்தில், பிறந்த சாங்கும் எங்கும் மார்பெலும்பின் கீழ் முனையில் சில அங்குல நீளமுள்ள ஒரு சதைப் பட்டையால் இணைந்திருந்தார்கள். அதனுள்ளே இருவரின் கல்லீரலும் தொடர்புகொண்டிருந்தது. 1851இல் வட கரோலினாவில் பிறந்த மில்லிக்கும் கிறிஸ்டீனுக்கும் முதுகெலும்பின் அடிப்பகுதி ஒட்டியிருந்தது.

ஒருத்திக்குப் பசித்தால் இன்னொருத்திக்கும் பசிக்குமா? கிள்ளினால் இருவருக்கும் வலிக்குமா?

இவர்கள் இரண்டு மூளை, இரண்டு மனம் உள்ள இரண்டு மனிதர்கள். இதைச் சொன்னதும் எல்லாரும் தலையாட்டுகிறார்கள். அடுத்த கேள்வியிலேயே 'அது', 'அந்தப் பொண்ணு' என்று ஒருமைக்குத் திரும்பிவிடுகிறார்கள். டெய்சியின் பசி டெய்சிக்கு, வயலட்டின் தூக்கம் வயலட்டுக்கு. சாங் குடிப்பவர், எங் குடிக்காதவர், ஆனால் விடிய விடியச் சீட்டாட விரும்புபவர். சாங்கின் போதை எங்குக்கு ஏறியதில்லை என்பது அந்தக் காலத்தில் பலரும் குறித்துவைத்த செய்தி. குடிக்காத மனிதர் ஒருவர், பக்கத்திலேயே ஒரு குடிகாரரோடு ஆயுள் முழுவதும் இருந்தார் என்று நினைத்துப் பாருங்கள். அதில் இருந்த பொறுமையைப் பற்றி யாரும் என்னிடம் கேட்டதில்லை.

தொடுவுணர்ச்சியைப் பொறுத்தவரை, ஒட்டிய இடத்தில் நரம்புகள் எப்படி அமைந்திருக்கின்றன என்பதே தீர்மானிக்கும். மில்லி, கிறிஸ்டீன் இருவரில் யாருடைய காலைத் தொட்டாலும் இருவராலும் உணர முடிந்தது. இடுப்புக்கு மேலே அவரவர் உணர்ச்சி அவரவருக்கு மட்டும்.

பிறந்தவுடனே பிரித்திருக்கலாமே? ஏன் செய்யவில்லை?

பிரசவம் பார்த்த டாக்டர் ஜேம்ஸ் ரூத் இதை யோசிக்காமல் இல்லை. அந்த வட்டார மருத்துவர் சங்கத்தில் பேசிப் பார்த்தார்கள். பிரித்தால் ஒருவரோ இருவருமோ இறந்துவிடுவார்கள் என்பதே முடிவு. 1911இல் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் அவர் இவர்களைப் பற்றி எழுதியிருக்கிறார். தடையற்ற இரத்த வங்கி, நுண்ணுயிர்க்கொல்லி மருந்து, உள்ளே என்ன இருக்கிறது என்று துல்லியமாகக் காட்டும் படக் கருவி எதுவுமே இல்லாத காலம் அது. அந்த டாக்டரை நான் குறைசொல்ல மாட்டேன்.

அதற்குச் சில ஆண்டுகளுக்கு முன் நடந்த ஒன்றையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். ஒரிசாவில் 1888இல் பிறந்த ராதிகா, தூதிகா என்ற சிறுமிகள் மார்புப் பகுதியில் ஒட்டியிருந்தார்கள். அவர்களும் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் காட்சிக்கு வைக்கப்பட்டவர்கள். தூதிகாவுக்குக் காசநோய் முற்றியதால், ராதிகாவையாவது காப்பாற்றலாம் என்று 1902 பிப்ரவரியில் பாரிஸில் டாக்டர் யூஜின் துவாயன் இருவரையும் பிரித்தார். தூதிகா சில நாட்களில் இறந்தார். ராதிகா மறு ஆண்டு அதே காசநோயால் இறந்தார். அந்த அறுவை சிகிச்சையையும் துவாயன் படமாக எடுத்து வைத்தார். நம் நாட்டிலிருந்து கொண்டுபோகப்பட்ட இரண்டு பிள்ளைகள் கத்திக்குக் கீழே கிடந்தபோதும் காட்சிப்பொருளாகவே இருந்தார்கள். இந்த வரியை எழுதும்போது எனக்குக் கை நடுங்குகிறது.

பெற்ற தாய் எப்படி விட்டுக்கொடுத்தாள்?

கேட் ஸ்கின்னர் மணமாகாத இளம்பெண். மதுக்கடையில் பரிமாறும் வேலை. 1908இல் இங்கிலாந்தில் மணமாகாமல் பிள்ளை பெறுவதே பெரும் அவமானம். அந்தப் பிள்ளைகள் ஒட்டியும் பிறந்துவிட்டால் அவருக்கு யார் துணை நிற்பார்? பிரசவத்துக்கு உதவிய மேரி ஹில்டன்தான் அவருக்கு வேலை கொடுத்தவரும்கூட. பிள்ளைகளை நான் வளர்க்கிறேன் என்று மேரி வாங்கிக்கொண்டார். ஹில்டன் என்ற குடும்பப் பெயர் அப்படி வந்ததுதான்.

கேட்டைத் திட்டுபவர்கள் மேரி என்ன செய்தார் என்பதையும் பார்க்க வேண்டும். தம் மதுக்கடையிலேயே குழந்தைகளைக் காட்டிக் காசு வாங்கினார். அவர்கள் படம் போட்ட அஞ்சலட்டைகளை விற்றார். வளர்ப்பவர் கண்ணில் வருமானம் தெரிந்த அளவுக்குக் குழந்தைகள் தெரியவில்லை.

மேடையில் என்னதான் செய்தார்கள்? சும்மா நின்றால் போதும், கூட்டம் வந்திருக்குமே?

இந்தக் கேள்விதான் என்னை இந்தப் பக்கத்தை எழுத வைத்தது. சும்மா நிற்கவில்லை. வயலட் சாக்சஃபோனும் பியானோவும் வாசிப்பார், டெய்சி வயலின். இருவரும் பாடுவார்கள், ஆடுவார்கள். அந்தக் காலத்து அமெரிக்காவில் வாடவில் என்று ஒரு மேடை மரபு இருந்தது. ஒரே டிக்கெட்டில் பாட்டு, நடனம், நகைச்சுவை, வித்தை எல்லாம் அடுத்தடுத்து வரும் கதம்ப நிகழ்ச்சி. அங்கே ஒருவாரம் தாக்குப்பிடிக்கவே திறமை வேண்டும். ஒட்டிப் பிறந்தவர்கள் என்பதைப் பார்க்க ஒருமுறை வருவார்கள்; இரண்டாம் முறை வரவைப்பது வாசிப்புதான்.

பின்னாளில் பெரும் புகழ்பெற்ற நகைச்சுவை நடிகர் பாப் ஹோப், தம் தொடக்க நாட்களில் 1926 வாக்கில் இவர்களோடு சேர்ந்து ஒரு நடன நிகழ்ச்சி நடத்தினார். குதிகாலும் முன்காலும் தாளம் தட்டும் நடனம் அது. நான்கு கால்களில் இரண்டு ஒருத்திக்கும் இரண்டு இன்னொருத்திக்கும் சொந்தம். ஒருத்தி முன்னே அடியெடுத்து வைத்தால் இன்னொருத்தி அதே நொடியில் பின்னே வைக்க வேண்டும். யார் முதலில் நகர்கிறார் என்று பார்ப்பவருக்குத் தெரியக் கூடாது. சொந்த உடம்போடு மட்டும் ஆடும் நமக்கே தாளம் தப்புகிறது. எத்தனை ஆயிரம் மணிநேர ஒத்திகை இருந்திருக்கும்!

சிறு வயதிலேயே இவ்வளவு கற்றுக்கொடுத்திருக்கிறார்களே, வளர்த்தவர்கள் நல்லவர்கள்தானே?

கற்றுக்கொடுத்தது உண்மை. எப்படி என்பதை சகோதரிகளே பின்னாளில் எழுதியிருக்கிறார்கள். அவர்கள் சொல்வதன்படி, மேரியை 'அத்தை' என்றுதான் கூப்பிட வேண்டும். சொன்னபடி செய்யாவிட்டால் இடுப்பு வார்தான் பேசும். போகிற ஊரில் எல்லாம் டாக்டர்கள் வந்து உடம்பைத் தொட்டுப் பார்ப்பார்கள்; அதுவும் குழந்தைகளின் விருப்பத்தைக் கேட்டு நடந்ததல்ல. ஊர்ப் பிள்ளைகளோடு விளையாட விடமாட்டார்கள், ஏனென்றால் தெருவில் இலவசமாகப் பார்த்துவிட்டால் யார் டிக்கெட் வாங்குவார்கள்?

1919இல் மேரி இறந்தார். துக்கம் கேட்க வந்த கூட்டம் கலைவதற்குள் சகோதரிகள் ஒரு சொத்தைப் போலக் கைமாறினார்கள். மேரியின் மகள் எடித்தும் அவள் கணவர் மையர் மையர்ஸும் புதிய எசமானர்கள் ஆனார்கள். இவர்களைவிட்டு ஓடினால் காப்பகத்தில் அடைத்துவிடுவார்கள் என்ற மிரட்டல் எப்போதும் தலைக்குமேல் தொங்கியது. இருபது வயது கடந்த பிறகும் ஒரே மாதிரி உடை, ஒரே மாதிரி ரிப்பன், சிறுமிகள் போன்ற சுருள்முடி.

சம்பாதித்த பணம் எங்கே போனது?

வாரத்துக்கு ஆயிரக்கணக்கான டாலர் வந்தது. டெக்சாஸில் சான் அன்டோனியோ நகரில் ஒரு பெரிய மாளிகை எழும்பியது. மாளிகை மையர்ஸ் தம்பதியுடையது. உழைத்த இருவருக்கும் அங்கே இருந்தது ஓர் அறை.

அப்படியென்றால் எப்படித் தப்பித்தார்கள்?

ஒரு தற்செயலால். அவர்களுடைய விளம்பர முகவரின் மனைவி, தன் கணவரிடமிருந்து விவாகரத்து கேட்டுப் போட்ட வழக்கில் இவர்கள் பெயரையும் இழுத்துவிட்டார். அந்த வழக்குக்காகச் சகோதரிகள் மார்ட்டின் ஆர்னால்டு என்ற வழக்கறிஞரைச் சந்திக்க நேர்ந்தது. வாழ்க்கையில் முதல்முறையாக, தங்களிடம் காசு எதிர்பார்க்காமல் காது கொடுத்துக் கேட்கும் ஒருவர் முன்னால் உட்கார்ந்தார்கள். வந்த வழக்கை ஒதுக்கிவைத்துவிட்டு, தங்கள் கதையைச் சொன்னார்கள்.

1931 ஜனவரியில் சான் அன்டோனியோ நீதிமன்றத்தில் வழக்கு நடந்தது. தாங்கள் வீட்டுக்குள் கைதிகளாக இருந்ததை இருவரும் சாட்சிக்கூண்டில் ஏறிச் சொன்னார்கள். மையர்ஸ் தம்பதியுடனான ஒப்பந்தம் ரத்தாயிற்று. சம்பாத்தியத்தில் ஒரு பங்கைத் திருப்பித் தரவும் தீர்ப்பாயிற்று. அப்போது அவர்களுக்கு இருபத்து மூன்று வயது நிறையவில்லை.

விடுதலை கிடைத்ததும் செய்தவற்றில் ஒன்று எனக்கு மிகவும் பிடிக்கும். டெய்சி முடிக்குப் பொன்னிறச் சாயம் ஏற்றிக்கொண்டார். இருவரும் வெவ்வேறு உடை போடத் தொடங்கினார்கள். இருபத்து மூன்று ஆண்டுகள் ஒரே அச்சாக வார்க்கப்பட்டவர்கள், கிடைத்த முதல் உரிமையை அப்படித்தான் பயன்படுத்தினார்கள்.

மற்ற இரட்டையர்களுக்கும் இதே கதைதானா? யாருமே தங்கள் கையில் பணத்தை வைத்திருந்ததில்லையா?

வைத்திருந்தார்கள். சாங்கும் எங்கும் 1829இல், பதினெட்டு வயதில், ஒரு கப்பல் தலைவருடனும் ஒரு வியாபாரியுடனும் சயாமிலிருந்து பாஸ்டன் போய் இறங்கினார்கள். இருபத்தொரு வயதானதும், 1832இல், ஒப்பந்தம் முடிந்தது என்று சொல்லிவிட்டு வெளியேறினார்கள். அதன் பிறகு நிகழ்ச்சியை ஏற்பாடு செய்ததும் வரவுசெலவு பார்த்ததும் அவர்களேதான். சில ஆண்டுகளில் போதுமான பணம் சேர்த்து, 1839இல் வட கரோலினாவில் நிலம் வாங்கி விவசாயிகள் ஆனார்கள். பங்கர் என்ற குடும்பப் பெயரை எடுத்துக்கொண்டு அமெரிக்கக் குடிமக்களும் ஆனார்கள்.

மில்லி, கிறிஸ்டீன் கதை இதற்கு நேர்மாறாகத் தொடங்குகிறது. ஜேக்கப், மொனீமியா என்ற அடிமைத் தம்பதியின் மகள்கள் அவர்கள். பத்து மாதக் குழந்தைகளாக இருந்தபோது 1,000 டாலருக்கு விற்கப்பட்டார்கள். பிறகு கைமாறி, கடத்தப்பட்டு, கடல் கடந்து இங்கிலாந்தில் காட்சிக்கு வைக்கப்பட்டார்கள். அவர்களை விலைக்கு வாங்கியிருந்த ஜோசப் ஸ்மித், தாய் மொனீமியாவையும் அழைத்துக்கொண்டு தேடிப் போய் 1857இல் மீட்டுவந்தார். அடிமைக்கு எழுத்தறிவிப்பதே அந்த மாநிலத்தில் குற்றமாக இருந்த காலத்தில், ஸ்மித்தின் மனைவி அவர்களுக்குப் படிக்கவும் பாடவும் கற்பித்தார். 'இரட்டைத்தலை இராக்குயில்' என்ற பட்டத்துடன் அவர்கள் ஐரோப்பா முழுவதும் பாடினார்கள். ஐந்து மொழிகள் தெரியும். விக்டோரியா அரசியின் முன்னும் பாடியிருக்கிறார்கள். அடிமைமுறை ஒழிந்த பிறகு, டாக்டர்கள் கூட்டமாக வந்து உடம்பைப் பரிசோதிப்பதை மறுத்தார்கள். மேலே ஹில்டன் சிறுமிகளைப் பற்றிச் சொன்னதோடு இதை வைத்துப் பாருங்கள். மகள்களின் பாட்டுப் பணத்தில் ஜேக்கப் நிலம் வாங்கினார். தாம் அடிமையாக உழைத்த அதே மண்.

சாங்–எங்கை நல்ல உதாரணமாகச் சொல்கிறீர்களே, அவர்களே அடிமைகளை வைத்திருந்தார்கள் என்று படித்தேன்?

சரியாகப் படித்திருக்கிறீர்கள். வட கரோலினாப் பண்ணையில் அவர்களிடம் அடிமைகள் இருந்தார்கள், ஒருவர் இருவர் அல்ல. உள்நாட்டுப் போரில் அவர்களின் மகன்கள் இருவர் அடிமைமுறையைக் காக்கப் போரிட்ட தென்மாநிலப் படையில் சேர்ந்தார்கள். போரில் தெற்கு தோற்றதும் சொத்தின் பெரும்பகுதி கரைந்தது. வயதான காலத்தில் மறுபடி மேடையேற வேண்டிவந்தது.

இதற்குச் சமாதானம் சொல்ல என்னிடம் எதுவும் இல்லை. தங்களை ஒரு வணிகச் சரக்காக நடத்தியவர்களை எதிர்த்து வெளியேறிய இருவர், பிறரைச் சரக்காக வாங்கினார்கள். மில்லியும் கிறிஸ்டீனும் அதே மாநிலத்தில் அடிமைகளாகப் பிறந்தார்கள் என்பதை நினைவில் வைத்துக்கொண்டே சாங், எங் வாழ்க்கையைப் படிக்க வேண்டும்.

'சயாமிய இரட்டையர்' என்று சொல்வது சரியா?

சாங், எங் இருவரும் சயாமிலிருந்து வந்ததால், விளம்பரச் சுவரொட்டிகளில் அவர்களுக்கு வைத்த பெயர் அது. நாளடைவில் உலகத்தில் எங்கே பிறந்தாலும் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. பிரைட்டனில் பிறந்த வயலட்டுக்கும் சயாமுக்கும் என்ன தொடர்பு? சாங்கும் எங்கும்கூடச் சீனத் தந்தைக்குப் பிறந்தவர்கள். தமிழில் 'ஒட்டிப் பிறந்த இரட்டையர்' என்று அழகாகவும் பொருத்தமாகவும் ஒரு தொடர் இருக்கும்போது அதையே சொல்லலாம்.

கல்யாணம் செய்துகொண்டார்களா? அது எப்படிச் சாத்தியம்?

இந்தக் கேள்வியை எல்லாரும் குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்கிறார்கள். சாங்கும் எங்கும் 1843 ஏப்ரலில் அடிலெய்டு, சாரா என்ற அக்கா தங்கையை மணந்தார்கள். சாங்குக்குப் பத்துக் குழந்தைகள், எங்குக்குப் பதினொன்று. இரண்டு வீடு கட்டி, மூன்று நாள் ஒரு வீட்டில், அடுத்த மூன்று நாள் மற்ற வீட்டில் என்று முறைவைத்து வாழ்ந்தார்கள். யாருடைய வீடோ, அந்த மூன்று நாளும் அவர் சொல்வதே நடக்கும்; மற்றவர் விருந்தாளியைப் போல் அடங்கியிருப்பார். அவர்களின் வழித்தோன்றல்கள் இன்றும் மவுண்ட் ஏரி என்ற ஊரில் ஆண்டுதோறும் கூடுகிறார்கள்.

ஹில்டன் சகோதரிகளுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. 1934இல் வயலட்டும் மாரிஸ் லாம்பெர்ட் என்ற இசைக்கலைஞரும் மணம்செய்ய விண்ணப்பித்தார்கள். ஒழுக்கக்கேடு என்று சொல்லி உரிமம் மறுத்தார்கள். மாநிலம் மாநிலமாக அலைந்து, 21 மாநிலங்களில் மறுக்கப்பட்டது. சாங், எங்குக்குத் தொண்ணூறு ஆண்டுகளுக்கு முன்பே கிடைத்த உரிமம் வயலட்டுக்குக் கிடைக்கவில்லை. ஆண்கள் இருவர் இரண்டு மனைவியரோடு வாழலாம், பெண்கள் இருவர் கணவரோடு வாழ்ந்தால் மட்டும் ஒழுக்கக்கேடா? எனக்கு இந்த இடத்தில் கோபம் வருவதை மறைக்க மாட்டேன். மாரிஸ் விலகிப் போனார்.

பிறகு 1936இல் டல்லாஸில் டெக்சாஸ் நூற்றாண்டுக் கண்காட்சியின்போது, ஒரு பெரிய விளையாட்டரங்கில் கூட்டத்தின் முன் வயலட்டுக்கும் நடனக் கலைஞர் ஜேம்ஸ் மூருக்கும் கல்யாணம் நடந்தது. அது விளம்பரத்துக்கான கல்யாணம், பின்னாளில் ரத்தாயிற்று. 1941இல் டெய்சி ஒரு நடனக்காரரை மணந்தார். பத்தே நாட்கள்தான் நிலைத்தது.

தனிமை என்பதே இல்லாமல் எப்படி இருந்தார்கள்? ஒருத்தி காதலரோடு பேசும்போது இன்னொருத்தி என்ன செய்வாள்?

புகழ்பெற்ற மந்திரவித்தைக்காரர் ஹூடினி தங்களுக்கு ஒரு பழக்கம் சொல்லிக்கொடுத்ததாகச் சகோதரிகள் எழுதியிருக்கிறார்கள்: உடம்பால் விலக முடியாவிட்டால் மனத்தால் விலகிக்கொள்ளுங்கள் என்று. ஒருவருக்குத் தனிமை தேவைப்படும்போது மற்றவர் புத்தகம் படிப்பார், அல்லது தூங்கிவிடுவார். கூட்டுக்குடும்பத்தில் ஒரே கூடத்தில் பத்துப்பேர் படுத்து வளர்ந்தவர்களுக்கு இது கொஞ்சம் புரியும். பார்த்தும் பாராமல் இருப்பதும் கேட்டும் கேளாமல் இருப்பதும் பயிற்சியால் வருவதே.

சினிமாவில் நடித்தார்களாமே?

இரண்டு படங்கள். 1932இல் டாட் பிரவுனிங் இயக்கிய 'ஃப்ரீக்ஸ்'. உடல் வேறுபாடு கொண்ட உண்மையான மேடைக் கலைஞர்களையே நடிக்கவைத்த படம். பார்த்தவர்கள் முகம் சுளித்தார்கள். பிரிட்டனில் முப்பது ஆண்டுகள் தடையில் இருந்தது. இரண்டாவது, 1950களின் தொடக்கத்தில் வந்த 'செயிண்டு ஃபார் லைஃப்'. அதில் ஒட்டிப் பிறந்த சகோதரிகளில் ஒருத்தி கொலை செய்கிறாள்.

அதைத்தான் கேட்க நினைத்தேன். ஒருத்தி கொலை செய்தால் இருவரையும் தண்டிக்க முடியுமா?

அந்தப் படத்தின் நீதிபதியே தடுமாறிப்போய்ப் பார்வையாளர்களிடம் கேள்வியைத் திருப்பிவிடுகிறார். குற்றம் செய்தவரைச் சிறையில் அடைத்தால், ஒரு பாவமும் அறியாதவரும் சிறைக்குப் போக வேண்டும். என் கருத்து தெளிவானது: குற்றமற்ற ஒருவரைச் சிறையில் அடைக்க எந்தச் சட்டத்துக்கும் உரிமை இல்லை, அதனால் குற்றவாளி தப்பித்தாலும் சரி. எங்கள் வட்டத்தில் ஓய்வுபெற்ற வழக்கறிஞர் ஒருவர் இதை ஏற்கவில்லை; வீட்டுக்காவல் போன்ற ஏதாவது வழி கண்டுபிடிக்க வேண்டும் என்கிறார். அதிலும் இன்னொருவரும் காவலில்தானே இருப்பார் என்றேன். விவாதம் முடியவில்லை.

அவ்வளவு புகழ் பெற்றவர்கள் ஏன் மளிகைக் கடைக்குப் போனார்கள்?

அவர்கள் விடுதலை பெற்ற 1931இல் வாடவில் சாகத் தொடங்கியிருந்தது. பேசும்படம் வந்துவிட்டது, நாடே பொருளாதார வீழ்ச்சியில் கிடந்தது. மற்றவர்களுக்காக உழைத்தபோது கொட்டிய பணம், தங்களுக்காக உழைக்கத் தொடங்கியபோது வற்றிவிட்டது. மயாமியில் ஒரு சிற்றுண்டிக் கடை வைத்துப் பார்த்தார்கள், ஓடவில்லை. பழைய படங்கள் காட்டப்படும் திறந்தவெளித் திரையரங்குகளில் நேரில் தோன்றிப் பேசிப் பிழைத்தார்கள். 1960களின் தொடக்கத்தில் சார்லட் நகரில் அப்படி ஒரு நிகழ்ச்சிக்குப் பிறகு, அழைத்துவந்த ஏற்பாட்டாளர் அவர்களை அங்கேயே விட்டுவிட்டுப் போய்விட்டார். கையில் பணமில்லை, ஊர் திரும்ப வாகனமில்லை.

அங்கே ஒரு மளிகைக் கடைக்காரர் வேலை கொடுத்தார். காய்கறி, பழங்களை எடைபோட்டுக் கொடுக்கும் வேலை. ஒரு தேவாலயத்தின் சின்ன வீடு குடியிருக்கக் கிடைத்தது. இதைக் கேட்பவர்கள் 'ஐயோ, என்ன வீழ்ச்சி' என்பார்கள். நான் அப்படி நினைப்பதில்லை. மூன்று வயதிலிருந்து அவர்களைக் காட்டிப் பணம் பண்ணினார்கள். அந்தக் கடையில்தான் அவர்கள் செய்த வேலைக்கு மட்டும் கூலி வந்தது. தக்காளி வாங்க வந்தவர்கள் தக்காளியை வாங்கிக்கொண்டு போனார்கள். மாலையில் வீட்டுக்குப் போனால் கதவைத் தாழிடலாம்.

ஒருவர் இறந்தால் மற்றவர் என்ன ஆவார்? உடனே இறந்துவிடுவாரா?

உடனே அல்ல. இரத்த ஓட்டம் எவ்வளவு கலந்திருக்கிறது என்பதைப் பொறுத்தது. ஒரு இதயம் நின்றதும், மற்ற இதயம் இரு உடம்புக்கும் இரத்தம் அனுப்புகிறது; போனது திரும்பி வருவதில்லை. கிருமித் தொற்றும் பரவுகிறது. 1874 ஜனவரி 17 அதிகாலையில் சாங் இறந்தார். எங் இரண்டு மூன்று மணிநேரத்தில் இறந்தார். மில்லி 1912 அக்டோபர் 8 அன்று காசநோயால் இறக்க, கிறிஸ்டீன் மறுநாள் இறந்தார். பிலிப்பைன்ஸில் பிறந்து மேடையில் ஆடிய லூசியோ, சிம்ப்ளிசியோ கொடீனா சகோதரர்களில் லூசியோ 1936இல் நியூயார்க்கில் இறந்ததும், டாக்டர்கள் உடனே பிரித்துப் பார்த்தார்கள். சிம்ப்ளிசியோவும் இரண்டு வாரத்துக்குள் இறந்தார்.

ஹில்டன் சகோதரிகளுக்கு வந்தது 1968 குளிர்காலத்தில் அமெரிக்கா முழுவதும் பரவிய ஹாங்காங் காய்ச்சல். வேலைக்கு வரவில்லையே என்று கடைக்காரர் கவலைப்பட்டுச் சொல்லி, 1969 ஜனவரி 4 அன்று போலீசார் கதவைத் திறந்து பார்த்தார்கள். டெய்சி முதலில் இறந்திருந்தார். வயலட் இறந்தது அதற்கு இரண்டு முதல் நான்கு நாட்களுக்குப் பின் என்று பரிசோதித்தவர்கள் சொன்னார்கள். அந்த நாட்களைப் பற்றி யாராவது மேலும் கேட்டால் நான் பேச்சை மாற்றிவிடுவேன். இங்கேயும் அப்படியே.

அந்தக் காலத்தில் டிக்கெட் வாங்கிப் பார்த்தவர்கள் எல்லாரும் கல்நெஞ்சக்காரர்களா? நாமும் இப்போது ஆர்வமாகத்தானே கேட்கிறோம்?

ஆர்வம் தவறில்லை. பார்க்க வந்தவர்களில் பலர் வயலட்டின் சாக்சஃபோனைக் கேட்டு மனம் நிறைந்து போயிருப்பார்கள். தவறு, டிக்கெட் காசு யார் பைக்குப் போகிறது என்று யாரும் கேட்காததில் இருக்கிறது. அவர்களை மேடைக்கே வரவிடாமல் தடுத்திருக்க வேண்டும் என்று சிலர் வாதிடுகிறார்கள். அதையும் நான் ஏற்க மாட்டேன். வேறு எந்த வேலையும் தர மறுத்த உலகத்தில், கூட்டத்தின் முன் நிமிர்ந்து நின்று கைதட்டல் வாங்கும் இடம் அது ஒன்றுதான். ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் உரிமை மட்டும் தொடக்கத்திலிருந்தே அவர்களிடம் இருந்திருந்தால், மேடை அவர்களுக்கு நல்ல தொழிலாகவே அமைந்திருக்கும். சாங், எங் அதை நிரூபித்தார்கள்.

நம் காலத்தில் இப்படி மேடையில் பாடியவர்கள் உண்டா?

உண்டு. அமெரிக்காவில் பென்சில்வேனியா மாநிலத்தில் 1961இல் பிறந்த லோரி, ஜார்ஜ் ஷாப்பல் இருவரும் தலையில் ஒட்டியவர்கள். ஜார்ஜ் 'கண்ட்ரி' என்ற அமெரிக்க இசைவகைப் பாடகர், வெளிநாடுகளிலும் பாடியிருக்கிறார். ஜார்ஜ் பாடும்போது லோரி அருகிலேயே அமைதியாக இருப்பார், ஏனென்றால் அது ஜார்ஜின் தொழில், லோரியுடையது அல்ல. ஒட்டியிருப்பவர்களில் ஒருவர் மட்டும் கலைஞராக இருக்க முடியும் என்பதை அவர்கள் காட்டினார்கள். 2024 ஏப்ரலில், அறுபத்திரண்டு வயதில் இருவரும் இறந்தார்கள்.

ஹில்டன் சகோதரிகள் பாடியதை இப்போது கேட்க முடியுமா?

முடியும். மேலே சொன்ன இரண்டாவது படத்தில் அவர்கள் சேர்ந்து பாடுகிறார்கள். படம் சுமாரானது, கதைக்காகப் பார்க்க வேண்டாம். அப்போது அவர்களுக்கு நாற்பது வயதுக்கு மேல். பாட்டு வரும் இடத்தில் திரையைப் பார்க்காமல் காதால் மட்டும் கேளுங்கள். இரண்டு பேர் பாடுவது கேட்கும்.